பயிற்சியாளர் புஷ்காஷ்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

2025 மே மாதம் இங்கிலாந்தின் டாட்டன்ஹாம் கிளப் யூரோப்பா லீக் கோப்பையை வென்றதும், அதன் அன்றைய பயிற்சியாளர் ஆஞ்ச் போஸ்டகோக்லுவின் பழைய பேட்டிகள் மறுபடி சுற்ற ஆரம்பித்தன. அவர் எங்கே பேசினாலும் ஒரு பெயர் வந்துவிடும்: இளமையில் தனக்குப் பயிற்சி கொடுத்த ஹங்கேரிக்காரர் ஃபெரென்ட்ஸ் புஷ்காஷ். அதிலிருந்து கால்பந்து பார்க்கும் நண்பர்கள் என்னிடம் ஒரே மாதிரிச் சந்தேகங்களையே கேட்டுக்கொண்டிருக்கிறார்கள். புஷ்காஷ் ஆடிய காலத்தைப் பற்றி எல்லோருக்கும் ஓரளவு தெரிந்திருக்கிறது. காலணியைக் கழற்றிய பிறகு அவர் ஊர் ஊராகப் பயிற்சியாளராக அலைந்த 27 ஆண்டுகள்தான் பலருக்குப் புதிது. கேள்விகளை அவர்கள் கேட்டபடியே போட்டிருக்கிறேன்.

ஃபிஃபா வருஷா வருஷம் புஷ்காஷ் விருதுன்னு கொடுக்குதே, அந்தப் புஷ்காஷ்தானா இவர்?

அவரேதான். ஆண்டின் மிக அழகான கோலுக்கு 2009 முதல் அந்த விருது தரப்படுகிறது. முதலில் வாங்கியவர் கிறிஸ்டியானோ ரொனால்டோ. புடாபெஸ்டில் இப்போது இருக்கும் தேசிய மைதானத்துக்கும் புஷ்காஷ் பெயர்தான்.

ஆட்டக்காரரா நிஜமாவே அவ்வளவு பெரிய ஆளா? சுருக்கமா சொல்லுங்க.

ஹங்கேரிக்காக 85 ஆட்டங்களில் 84 கோல். இதற்கு மேல் சுருக்கமாகச் சொல்ல முடியாது. 1927-ல் பிறந்தவர், புடாபெஸ்ட் ஓரத்தில் இருக்கும் கிஷ்பெஷ்டில் வளர்ந்தவர். 1949-ல் கிஷ்பெஷ்ட் கிளப்பை ராணுவ அமைச்சகம் எடுத்துக்கொண்டு ஹோன்வேட் என்று பெயர் மாற்றியது. ஆட்டக்காரர்களுக்கு ராணுவப் பதவியும் வந்தது. ‘பாய்ந்தோடும் மேஜர்’ என்ற பட்டம் அப்படி ஒட்டிக்கொண்டதுதான்.

1952 ஒலிம்பிக் தங்கம். 1953 நவம்பரில் வெம்பிளியில் இங்கிலாந்தை 6-3 என்று தோற்கடித்த அணிக்கு அவர்தான் கேப்டன். அந்த ஆட்டத்தில் பந்தை இடது காலடியால் பின்னுக்கு இழுத்து, பாய்ந்து வந்த இங்கிலாந்து கேப்டன் பில்லி ரைட்டை வெறும் புல்லில் சறுக்கவிட்டு அடித்த கோலை இன்றும் தேடிப் பார்க்கலாம். 1954 உலகக் கோப்பை இறுதிப் போட்டியில் மேற்கு ஜெர்மனியிடம் 3-2 என்று தோற்றார்கள். பிறகு 31 வயதில் ரியல் மாட்ரிட்டில் சேர்ந்து ஐந்து முறை ஸ்பானிய லீக்கை வென்றார், நான்கு பருவங்களில் அதிகக் கோல் அடித்தவர் என்ற பெயரையும் எடுத்தார். 1960 ஐரோப்பியக் கோப்பை இறுதிப் போட்டியில் ஃபிராங்க்ஃபர்ட்டுக்கு எதிராக அவர் ஒருவர் மட்டும் நான்கு கோல். 1966-ல் ஓய்வு.

அப்படிப்பட்டவர் ஏன் சொந்த நாட்டுலயோ மாட்ரிட்லயோ கோச் ஆகலை?

சொந்த நாட்டுக்கு அவரால் போகவே முடியாது என்பதுதான் முதல் காரணம். 1956 அக்டோபரில் ஹங்கேரியில் புரட்சி வெடித்தது, நவம்பரில் சோவியத் டாங்குகள் நுழைந்தன. ஹோன்வேட் அணி அப்போது ஐரோப்பியக் கோப்பைக்காக அத்லெடிக் பில்பாவோவுடன் ஆட வெளிநாட்டில் இருந்தது. புஷ்காஷ், கோச்சிஷ், சிபோர் மூவரும் திரும்பவில்லை. ஆட்சிக்கு அவர் ஓடிப்போனவர், அதுவும் மேஜர் பதவியில் இருந்துகொண்டு ஓடியவர். ஃபிஃபாவும் தடை போட்டது. மறுபடி ஹங்கேரி மண்ணை அவர் மிதித்தது 1981-ல்.

மாட்ரிட்டில் இடம் காலியாக இல்லை. அவரை அங்கே ஆட வைத்த மிகேல் முன்யோஸ் 1960 முதல் 1974 வரை அசையாமல் அந்த நாற்காலியில் இருந்தார். புஷ்காஷுக்கோ ஓய்வு பெற்ற மறுநாளே வேலை தேவை. அவருடைய பயிற்சி வாழ்க்கையைப் பார்த்து “திறமை இல்லாததால் சின்ன இடங்களுக்குப் போனார்” என்று சொல்பவர்கள் இந்த இரண்டு கதவும் மூடியிருந்ததைக் கணக்கில் எடுப்பதில்லை.

முதல் கோச் வேலை எங்கே?

ஆரம்ப வேலைகள் வட அமெரிக்காவில். 1967-ல் சான் பிரான்சிஸ்கோவின் கோல்டன் கேட் கேல்ஸ், 1968-ல் கனடாவின் வான்கூவர் ராயல்ஸ். வான்கூவரில் ஏற்கெனவே ஒருவர் பயிற்சியாளராக அமர்த்தப்பட்டிருந்தார். முதலாளிகள் இரண்டு கிளப்பையும் ஒன்றாக்கி, பெரிய பெயர் வேண்டும் என்று புஷ்காஷை மேலே வைத்ததும் அந்த இளைஞர் கோபித்துக்கொண்டு இங்கிலாந்துக்குக் கிளம்பிவிட்டார். அவர் பெயர் பாபி ராப்சன். பின்னாளில் இங்கிலாந்து, பார்சிலோனா அணிகளின் பயிற்சியாளர்.

அந்த லீக்கே ஒரு கூத்து. 1968-ல் 17 அணிகள் ஆடின, அடுத்த ஆண்டு மிஞ்சியவை ஐந்து. வான்கூவரும் மூடப்பட்டது. அங்கிருந்து ஸ்பெயினுக்குத் திரும்பி அலாவேஸில் ஒரு பருவம். அது அப்போது முதல் பிரிவுக்கு வெளியே இருந்த சிறிய கிளப். அதுவரை பயிற்சியாளராக அவர் காட்டியது ஒன்றுமில்லை.

கிரீஸ்ல என்னமோ பெருசா செஞ்சாராமே?

பெரிதுதான். 1970-ல் ஏதென்ஸின் பனாதினாய்கோஸ் கிளப்புக்குப் போனார். அடுத்த ஆண்டே அணி ஐரோப்பியக் கோப்பை இறுதிப் போட்டிக்கு வந்தது. இன்றைய சாம்பியன்ஸ் லீக்கின் பழைய வடிவம் அது. அதற்கு முன்போ பின்போ வேறு எந்தக் கிரேக்கக் கிளப்பும் அங்கே போனதில்லை. கிரேக்கத்தில் முறைப்படி தொழில்முறைக் கால்பந்து வந்ததே 1979-ல்தான் என்பதையும் சேர்த்துப் பாருங்கள்.

போன வழியைச் சொல்ல வேண்டும். காலிறுதியில் எதிரணி எவர்டன், நடப்பு இங்கிலாந்து சாம்பியன். லிவர்பூலில் நடந்த முதல் ஆட்டத்தில் நெட்டை முன்கள வீரர் அன்டோனியாடிஸ் கோல் அடித்தார். கடைசி நேரத்தில்தான் எவர்டன் 1-1 ஆக்கியது. ஏதென்ஸில் 0-0. எதிரணி மைதானத்தில் அடித்த கோலுக்கு மதிப்பு அதிகம் என்ற விதியால் பனாதினாய்கோஸ் உள்ளே. அரையிறுதியில் பெல்கிரேடின் ரெட் ஸ்டாரிடம் 4-1 என்று உதை. எல்லோரும் முடிந்தது என்றார்கள். ஏதென்ஸில் 3-0 என்று திருப்பி அடித்தார்கள். மொத்தம் 4-4, பெல்கிரேடில் அடித்த அந்த ஒற்றை கோல் காப்பாற்றியது. அந்தப் பருவத்தில் அன்டோனியாடிஸ் பத்து கோல் அடித்து போட்டியிலேயே முதலிடம் பிடித்தார்.

இறுதிப் போட்டி 1971 ஜூன் 2, வெம்பிளியில். பதினெட்டு ஆண்டுகளுக்கு முன் இங்கிலாந்தைப் புரட்டிய அதே புல்லில் இப்போது கோட் போட்ட பயிற்சியாளராக நின்றார். எதிரே நெதர்லாந்தின் அயாக்ஸ், அதன் பயிற்சியாளர் ரினஸ் மிகெல்ஸ், ஆட்டக்காரர்களில் க்ரைஃப். ஐந்தாவது நிமிடத்திலேயே வான் டைக் தலையால் முட்டி கோல் போட்டார். அதன் பிறகு 87-வது நிமிடம் வரை பனாதினாய்கோஸ் தாக்குப்பிடித்தது. அயாக்ஸின் ஹான் அடித்த பந்து பனாதினாய்கோஸ் தடுப்பாட்டக்காரர் காப்சிஸ் மேல் பட்டுத் திசை மாறி உள்ளே போனதும் 2-0. அந்த அயாக்ஸ் அதையும் சேர்த்துத் தொடர்ந்து மூன்று ஆண்டும் கோப்பையை யாருக்கும் விட்டுக்கொடுக்கவில்லை. (அந்தக் காப்சிஸின் மகன் 2004-ல் கிரீஸுடன் யூரோ கோப்பை வென்றார். அது வேறு கதை.)

அது ஏற்கெனவே நல்ல டீம்தானே? இவருக்கு எதுக்கு இவ்வளவு பேரு?

நியாயமான கேள்வி. 1960களில் யூகோஸ்லாவியாக்காரர் ஸ்டெபான் போபெக் அந்தக் கிளப்பைக் கட்டி எழுப்பியிருந்தார். 1964-ல் ஒரு ஆட்டம்கூடத் தோற்காமல் லீக் வென்ற அணி அது. கேப்டன் டோமாசோஸ் யாரும் கற்றுக்கொடுக்கத் தேவையில்லாத ஆட்டக்காரர். புஷ்காஷ் வெறும் நிலத்தில் விதைக்கவில்லை.

ஆனால் உள்ளூரில் ஜெயிப்பது வேறு, எவர்டன் மைதானத்தில் பயப்படாமல் நிற்பது வேறு. வந்திருப்பவர் ஐரோப்பியக் கோப்பை இறுதிப் போட்டியில் நான்கு கோல் அடித்தவர் என்பது உடைமாற்றும் அறையில் பாதி வேலையைச் செய்துவிடும். நுணுக்கமான பலகை வரைபடம் போட்டு விளக்குகிறவர் என்று அவரை யாரும் சொன்னதில்லை. முன்னால் போ, அடி, பயப்படாதே, இதுதான் அவருடைய பாடம். அந்த நேரத்தில் அந்த அணிக்குத் தேவைப்பட்டதும் அதுதான் என்பது என் கணிப்பு. 1972-ல் லீக்கையும் வென்று, 1974 வரை அங்கே இருந்தார்.

வெம்பிளி ஃபைனல் வரைக்கும் கூட்டிட்டுப் போனவரை அப்புறம் ஏன் பெரிய கிளப் யாரும் கூப்பிடலை?

அவர் அதிகம் எங்கும் தங்கவில்லை. 1970களின் நடுவில் ஸ்பெயினின் முர்சியா, சிலியின் கோலோ கோலோ, சவூதி அரேபியத் தேசிய அணி என்று மாறி மாறி ஓடினார். 1978-ல் மறுபடி ஏதென்ஸ், இந்த முறை ஏ.ஈ.கே. கிளப். அங்கே ஐரோப்பியக் கோப்பையில் போர்ட்டோவை 6-1 என்று அடித்தார்கள். திரும்பப் போய் 4-1 என்று வாங்கிக்கொண்டார்கள். அடுத்த சுற்றில் பிரையன் கிளஃபின் நாட்டிங்ஹாம் ஃபாரஸ்டிடம் 2-1, 5-1 என்று தோல்வி. இந்த ஸ்கோர்களை ஒருமுறை பார்த்தாலே ஆளைப் புரிந்துகொள்ளலாம். பருவம் முடிவதற்குள் அவர் விலகினார், அதே ஆண்டு ஏ.ஈ.கே. லீக்கை வென்றது.

1970களில் பெரிய கிளப்புகள் மிகெல்ஸ் மாதிரி, ஒழுங்கும் திட்டமும் உடற்பயிற்சியும் பேசுகிற ஆட்களைத் தேடின. புஷ்காஷ் ஆட்டக்காரர்களுடன் சிரித்துப் பேசி, வயிறார உண்டு, கையில் இருப்பதைக் கேட்டவர்களுக்குக் கொடுக்கிற மனிதர். நல்ல குணம்தான். மிலான், மூனிக் மாதிரிப் பெரிய கிளப்புகள் அதற்குச் சம்பளம் தராது.

சவூதி, எகிப்து, பராகுவேன்னு போனதெல்லாம் பணத்துக்குத்தானே?

பணமும்தான், அதில் என்ன தப்பு? அவர் ஆடிய காலத்து வருமானத்தை இன்றைய கோடிகளோடு ஒப்பிடக் கூடாது. ஆனால் பணம் மட்டும் என்றால் ஒரு பருவத்தில் கிளம்பியிருப்பார். எகிப்தில் போர்ட் சையீத் ஊரின் அல் மஸ்ரி கிளப்பில் 1979 முதல் 1984 வரை இருந்தார். கெய்ரோவின் அல் அஹ்லி, ஜமாலெக் இரண்டும் எல்லாவற்றையும் அள்ளிக்கொள்ளும் நாடு அது. மூன்றாவதாக ஓர் ஊர் அணியை நிமிர்ந்து நிற்க வைப்பதே பெரிய வேலை.

இதில் எனக்குப் பிடித்த ஒரு விஷயம்: அவர் போன சமயத்தில் எகிப்தில் இன்னொரு ஹங்கேரிக்காரரும் இருந்தார். 1953 வெம்பிளி ஆட்டத்தில் மூன்று கோல் அடித்த ஹிடெக்குட்டி. 1973 முதல் 1980 வரை அல் அஹ்லிக்கு லீக் மேல் லீக்காக வென்று கொடுத்தவர். பழைய அணித் தோழர்கள் இருவரும் நைல் நாட்டில் எதிரெதிர் பெஞ்சில். பயிற்சியாளர் என்ற கணக்கில் ஹிடெக்குட்டிதான் மேல், சந்தேகமே வேண்டாம். 1961-ல் இத்தாலியின் ஃபியோரெண்டினாவோடு ‘கோப்பை வென்றோர் கோப்பை’ என்ற ஐரோப்பியப் போட்டியையும் வென்றவர் அவர். எகிப்துக்குப் பிறகு புஷ்காஷ் பராகுவேயில் சோல் தே அமெரிக்கா, செரோ போர்டென்யோ கிளப்புகளில் இருந்தார்.

ஆஸ்திரேலியாவுக்கு எப்படிப் போனார்? அங்கே கால்பந்தே கிடையாதே?

உண்டு, குடியேறியவர்களின் ஆட்டமாக இருந்தது. கிரேக்கர்கள், குரோவேஷியர்கள், இத்தாலியர்கள் என்று ஒவ்வொரு சமூகமும் ஒரு கிளப் வைத்திருந்தது. தேசிய லீக் 1977-ல் தொடங்கியது. சவுத் மெல்போர்ன் ஹெல்லாஸ் கிரேக்கர்களின் கிளப். அவர்களுக்குப் புஷ்காஷ் யார்? வெம்பிளிக்குப் பனாதினாய்கோஸைக் கூட்டிப்போன மனிதர். 1989-ல் அவரை அழைத்தார்கள், அவரும் 62 வயதில் கிளம்பிவிட்டார்.

ஆட்டக்காரர்களில் பலர் பகலில் வேலைக்குப் போய்விட்டு மாலையில் பயிற்சிக்கு வருபவர்கள். அந்த அணி 1990-ல் தேசிய லீக் கோப்பையையும், 1991-ல் லீக் பட்டத்தையும் வென்றது. பட்டத்துக்கான இறுதிப் போட்டி அதே ஊரின் மெல்போர்ன் குரோவேஷியாவுடன். பருவ முடிவில் அட்டவணையில் மேலே இருந்தது அவர்கள்தான். சவுத் மெல்போர்ன் பின்தங்கி நின்று, ஆட்டம் முடியப்போகும் நேரத்தில் 1-1 ஆக்கி, பெனால்டியில் ஜெயித்தது. 1992 வரை அங்கே இருந்தார்.

அவருக்கு இங்கிலீஷ் வராதாமே, எப்படிச் சமாளிச்சார்?

கிரேக்கம் வரும், ஸ்பானிஷ் வரும். இங்கிலீஷ் அரைகுறை. அணியின் கேப்டன் இடது பேக் ஆடிய ஓர் இளைஞர், ஏதென்ஸில் பிறந்து ஐந்து வயதில் மெல்போர்ன் வந்தவர், வீட்டில் கிரேக்கம் பேசுபவர். அவர்தான் போஸ்டகோக்லு. பயிற்சியாளர் கிரேக்கத்தில் சொல்வதை மற்றவர்களுக்கு இங்கிலீஷில் சொல்வதும், தன் ஓட்டை டாட்சன் காரில் அவரை வீட்டிலிருந்து மைதானத்துக்கும் மைதானத்திலிருந்து வீட்டுக்கும் ஓட்டிச் செல்வதும் அவர் வேலை. போகிற வழியெல்லாம் மாட்ரிட், அங்கே அவரோடு ஆடிய டி ஸ்டெஃபானோ, 1953 என்று கேள்வி கேட்டுத் துளைத்திருக்கிறார். வேறு எந்தப் பயிற்சிப் படிப்பிலும் இது கிடைக்காது.

அப்போ போஸ்டகோக்லு ஆட்டம் முழுக்கப் புஷ்காஷ் கிட்ட இருந்து வந்ததா?

முழுக்க இல்லை. புஷ்காஷ் இரண்டு பக்கமும் விங்கர்களை வைத்து, தாக்கி ஆடச் சொன்னார், அடி வாங்கினாலும் கவலைப்படவில்லை. மேலே ஏ.ஈ.கே. ஸ்கோர்களைப் பாருங்கள். அந்தப் பிடிவாதம் போஸ்டகோக்லுவிடம் அப்படியே இருக்கிறது. ஒன்பது பேரோடு ஆடும்போதும் தடுப்பு வரிசையை நடுக்கோட்டருகே நிறுத்தி செல்சியிடம் 4-1 என்று தோற்றாரே, 2023-ல், அதைப் பார்த்தபோது எனக்குப் பெரியவர் ஞாபகம்தான் வந்தது.

ஆனால் பந்து இல்லாதபோது எப்படி நெருக்குவது, பேக்குகள் எப்போது உள்ளே வருவது போன்றவை பிற்காலத்து விஷயங்கள். அவற்றைப் போஸ்டகோக்லு வேறு இடங்களிலிருந்து எடுத்துக்கொண்டார். அதே சவுத் மெல்போர்னில் பயிற்சியாளராகி 1998, 1999 இரண்டு ஆண்டும் பட்டம் வென்றதில் அவருடைய சொந்தக் கணக்கும் நிறைய உண்டு.

குண்டா இருந்த கிழவரை ஆஸ்திரேலியப் பையன்கள் கிண்டல் பண்ண, அவர் பத்துப் பந்தையும் கிராஸ்பார்ல அடிச்சாராமே, உண்மையா?

மான்செஸ்டர் யுனைடெட்டின் பழைய நட்சத்திரம் ஜார்ஜ் பெஸ்ட் சொன்னதாகச் சுற்றும் கதை. பந்து எண்ணிக்கை ஒவ்வொரு முறையும் மாறும், கடைசிப் பந்தைக் குதிகாலால் அடித்தார் என்று முடியும். நான் இதற்குச் சத்தியம் செய்ய மாட்டேன், சொல்லச் சொல்லப் பளபளப்பாகிவிட்ட கதை. ஆனால் அந்த இடது கால் அறுபது வயதிலும் பந்தை வைத்த இடத்தில் அடித்திருக்கும் என்பதை நம்புவதில் எனக்குச் சிரமம் இல்லை.

ஹங்கேரி தேசிய அணிக்கும் கோச்சா இருந்தாராமே, அதை ஏன் யாரும் பேசுறதில்லை?

நான்கே ஆட்டங்கள் என்பதால். ஆட்சி மாறி நாடு திறந்துகொண்டது. 1993-ல், உலகக் கோப்பைத் தகுதிச்சுற்று ஏற்கெனவே கைநழுவிக்கொண்டிருந்தபோது, இடைக்கால ஏற்பாடாக 66 வயதுப் புஷ்காஷை உட்கார வைத்தார்கள். தேவைப்பட்டது அவருடைய பெயர்தான் என்று தோன்றுகிறது. தகுதி பெறவில்லை.

டப்ளினில் ஒரு நட்புப் போட்டி மட்டும் சொல்லும்படி இருந்தது. அயர்லாந்திடம் இரண்டு கோல் பின்தங்கிய பிறகு 4-2 என்று ஜெயித்தார்கள். வேறு எப்படி ஜெயிப்பார்!

சரி, கடைசியா கேட்கிறேன். நல்ல கோச்சா, இல்லையா?

பெரிய பயிற்சியாளர்கள் பட்டியல் போட்டால் அவர் பெயரை நான் எழுத மாட்டேன். பல இடங்களில் வந்த சுவடு தெரியாமல் போனார். ஆனால் ஏதென்ஸ், மெல்போர்ன் இரண்டையும் வெறும் அதிர்ஷ்டம் என்று தள்ளவும் முடியாது. இரண்டு இடத்திலும் ஆட்டக்காரர்கள் உலகப் புகழ் பெற்றவர்கள் அல்ல, தாங்கள் அவ்வளவுதான் என்று நினைத்துக்கொண்டிருந்தவர்கள். அவர்களைத் தங்கள் அளவுக்கு மேல் ஆட வைக்க அவருக்குத் தெரிந்திருந்தது. ஏற்கெனவே தங்களைப் பெரியவர்களாக நினைத்த அணிகளில் அவரால் கூடுதலாகக் கொடுக்க எதுவும் இருந்ததாகத் தெரியவில்லை.

அவர் இருந்த கிளப்புகள் எல்லாம் இப்போ எங்கே?

சான் பிரான்சிஸ்கோவும் வான்கூவர் ராயல்ஸும் எப்போதோ போய்விட்டன. அலாவேஸ் 2001-ல் யூயெஃபா கோப்பை இறுதிப் போட்டிக்கே வந்து லிவர்பூலிடம் 5-4 என்று தோற்றது, புஷ்காஷ் ரசித்திருக்கக்கூடிய ஸ்கோர். பனாதினாய்கோஸ் கிரேக்கத்தின் பெரிய கிளப்புகளில் ஒன்றாகவே இருக்கிறது. 2005-ல் ஆஸ்திரேலியாவில் ஏ-லீக் என்ற புதிய தேசிய லீக் வந்தபோது சவுத் மெல்போர்னுக்கு இடம் கிடைக்கவில்லை, விக்டோரியா மாநில அளவிலான லீக்கில் ஆடப் போய்விட்டது. புஷ்காஷ் 2006 நவம்பர் 17 அன்று புடாபெஸ்டில் இறந்தார், செயின்ட் ஸ்டீஃபன் பசிலிக்காவில் புதைக்கப்பட்டார். மெல்போர்னில் ஒலிம்பிக் பார்க் பக்கம் போனால் அவருக்கு ஒரு சிலை இருக்கிறது, 2017-ல் வைத்தார்கள்.